999 வருஷத்துக்கு ஒரு கையெழுத்து

வீடு வாடகைக்கு எடுத்தவங்களுக்குத் தெரியும். ஒப்பந்தம் பதினொரு மாசத்துக்குத்தான் போடுவாங்க. வீட்டுக்காரர் மனசு நல்லா இருந்தா இன்னொரு பதினொரு மாசம். ஆனா 1886ல் ஒரு ஒப்பந்தம் போட்டாங்க. 999 வருஷத்துக்கு. முடியப் போறது 2884 டிசம்பரில். அதுக்கப்புறமும் வேணும்னா இன்னொரு 999 வருஷம் நீட்டிச்சுக்கலாம்னு உள்ளேயே ஒரு ஷரத்து. கூட்டிப் பார்த்தா 3883 வரைக்கும் போகுது.

ஏதோ கின்னஸ் சமாச்சாரம்னு நினைச்சுடாதீங்க. எங்க ஊர் சோறு அந்தக் காகிதத்தில்தான் இருக்கு.

எங்க ஊர் அல்லிநகரம். வெளியூரில் சொன்னா தெரியாது, தேனின்னு சொல்லணும். (பாரதிராஜா ஊர்னு சொன்னா இன்னும் சீக்கிரம் புரியும்.) இங்கிருந்து சின்னமனூர், உத்தமபாளையம், கம்பம், கூடலூர்னு தெற்கே போனா லோயர் கேம்ப் வரும். அங்கிருந்து மலை ஏறினா குமுளி. மொத்தமே அறுபது கிலோமீட்டர் சொச்சம். குமுளிக்கு அந்தப்பக்கம் காட்டுக்குள்ள இருக்கறதுதான் முல்லைப்பெரியாறு அணை.

கொஞ்சம் பூகோளம் சொல்லிடறேன், அப்பதான் மேலே பேசறது விளங்கும். பெரியாறு மேற்கே ஓடுற ஆறு. மேற்குத்தொடர்ச்சி மலையில் பிறந்து, கேரளா வழியா அரபிக்கடலுக்குப் போய்ச் சேரும். மலைக்கு அந்தப்பக்கம் மழை கொட்டித் தீர்க்கும். இந்தப்பக்கம் நாங்க மழை மறைவில் இருக்கோம். தென்மேற்குப் பருவத்தில் எங்களுக்கு வர்றது சாரலும் காத்தும்தான். மலை உச்சியில் மேகம் நிக்கிறது கண்ணுக்குத் தெரியும், கீழே வராது. சின்ன வயசுல எனக்கு இது பெரிய வயித்தெரிச்சல்.

இந்த வயித்தெரிச்சல் எனக்கு முன்னாடியே பலருக்கு வந்திருக்கு. பதினெட்டாம் நூற்றாண்டுக் கடைசியில் ராமநாதபுரம் சேதுபதியிடம் பிரதானியாக இருந்த முத்திருளப்ப பிள்ளைக்கு வந்தது. மலைக்கு ஆள் அனுப்பிப் பார்த்துவிட்டு, ஆற்றை இந்தப்பக்கம் திருப்பலாம், ஆனால் நம்ம கஜானா தாங்காதுன்னு விட்டுட்டார். 1808ல் ஜேம்ஸ் கால்டுவெல் என்ற இங்கிலீஷ் பொறியாளர் போய்ப் பார்த்து, இது நடக்காத காரியம்னு எழுதிக் கொடுத்தார். 1850ல் சின்னதா ஒரு அணை கட்ட ஆரம்பிச்சு, காய்ச்சலுக்கு பயந்து வேலையாட்கள் ஓட, அதுவும் நின்னது. ஐடியா இருந்தது, காசும் கட்டாயமும் இல்லை.

கட்டாயம் 1876ல் வந்தது.

தாது வருஷப் பஞ்சம். பாட்டி, பூட்டி காலத்துக் கதையா உங்க வீட்டிலும் கேள்விப்பட்டிருக்கலாம். 1876லிருந்து 1878 வரைக்கும் சென்னை மாகாணம், மைசூர், ஹைதராபாத், பம்பாய் எல்லாம் காய்ந்தது. செத்தவர்கள் கணக்கு குறைத்துச் சொல்பவர்களே 55 லட்சம் என்கிறார்கள். இதில் என்னை உலுக்கின விஷயம், அதே வருஷங்களில் வடக்குச் சீனாவில் பஞ்சம், பிரேசிலின் வடகிழக்கில் பஞ்சம். பசிபிக் கடல் சூடேறும் எல் நினோதான் மூணுக்கும் பொதுக் காரணம். மதுரைச் சீமையில் ஒருத்தர் பசியில் சுருண்டு விழுந்த அதே மாசம், பிரேசிலில் சியரா பக்கம் இன்னொருத்தர் விழுந்திருக்கிறார். ரெண்டு பேருக்கும் அடுத்தவர் நாடு இருக்கறதே தெரிஞ்சிருக்காது.

மழை பெய்யாதது எல் நினோ வேலை. ஆனா சோறு கிடைக்காதது? 1877 ஜனவரி 1ஆம் தேதி டெல்லியில் தர்பார் நடத்தி விக்டோரியாவை இந்தியாவின் சக்கரவர்த்தினின்னு அறிவிச்சார் வைசிராய் லிட்டன். அதே மாசம் சர் ரிச்சர்ட் டெம்பிள் என்பவரை செலவைக் குறைக்கச் சொல்லி சென்னைக்கு அனுப்பினார். டெம்பிள் வந்து பஞ்ச நிவாரண வேலை செய்யறவனுக்கு ஒரு நாளைக்கு ஒரு பவுண்டு தானியமும் ஒரு அணாவும் போதும்னு வெட்டினார். ஒரு பவுண்டுன்னா அரைக்கிலோ கூட இல்லை. கல் உடைக்கிற ஆளுக்கு! இன்னொரு பக்கம் துறைமுகத்திலிருந்து தானியம் சீமைக்குக் கப்பல் ஏறிக்கிட்டே இருந்தது.

இதை ஏன் விரிவா சொல்றேன்னா, எங்க பக்கம் வெள்ளைக்காரன் அணை கட்டிக் கொடுத்தான்னு கையெடுத்துக் கும்பிடுவோம். கும்பிடறதில் தப்பில்லை. ஆனா அணை கட்டணும்னு கோட்டையில் இருந்தவங்களுக்குத் திடீர்னு அக்கறை வந்தது அந்த 55 லட்சம் பிணங்களுக்கு அப்புறம்தான். 1880ல் பஞ்சக் கமிஷன் அறிக்கை வந்தது. 1882ல் தூசி படிஞ்சு கிடந்த பெரியாறு பைலை எடுத்து, புதுசா திட்டம் போடச் சொல்லி பென்னிகுயிக்கிடம் கொடுத்தாங்க.

திட்டம் ரெடி. ஒரே ஒரு சிக்கல். அணை கட்ட வேண்டிய இடம் பிரிட்டிஷ் இந்தியாவில் இல்லை. திருவிதாங்கூர் ராஜ்யத்தில் இருந்தது.

*

இப்ப ஒப்பந்தத்துக்கு வர்றேன். 1886 அக்டோபர் 29. நிலம் கொடுக்கிறவர் திருவிதாங்கூர் மகாராஜா. எடுத்துக்கிறவர் லண்டனில் இருக்கும் இந்தியாவுக்கான செயலர். திருவிதாங்கூர் சார்பில் திவான் ராமய்யங்காரும், சென்னை அரசாங்கத்துக்காக ரெசிடெண்ட் ஹானிங்டனும் கையெழுத்து. சுமார் 8000 ஏக்கர், ஏக்கருக்கு வருஷம் 5 ரூபாய், ஆக மொத்தம் 40,000 ரூபாய் குத்தகை. 1886 ஜனவரி 1லிருந்து 999 வருஷம்.

999 ஏன்? இங்கிலாந்து நிலச் சட்டத்தில் இது சகஜமான எண்தான். 99ன்னா நீண்ட காலம், 999ன்னா கிட்டத்தட்ட கிரயம். பெயருக்குக் குத்தகை. வித்துட்டான்னு சொல்லாம விக்கிற வழி.

திருவிதாங்கூர் இதுக்கு லேசில் ஒத்துக்கலை, பேச்சு இருபது வருஷத்துக்கு மேல இழுத்தது. ஆனா எவ்வளவு நாள் இழுக்க முடியும்? 1805 உடன்படிக்கைப்படி திருவிதாங்கூர் வருஷா வருஷம் 8 லட்சம் ரூபாய் வெள்ளைக்காரனுக்குக் கப்பம் கட்டிக்கிட்டிருந்தது. நல்லா யோசிச்சுப் பாருங்க. குடியிருக்க வர்றவரே வீட்டுக்காரர்கிட்ட மாமூல் வாங்கற ஆள். அவர் வந்து உங்க மாடியைக் குத்தகைக்குக் கேட்டா, நியாயமா பேரம் பேசுவீங்களா?

கேரளப்பக்கம் ஒரு கதை சொல்வாங்க. விசாகம் திருநாள் மகாராஜா, தன் இதயத்து ரத்தத்தால் கையெழுத்துப் போடறதாச் சொல்லி அழுதாராம். கேட்க உருக்கமா இருக்கு. ஆனா விசாகம் திருநாள் 1885 ஆகஸ்டிலேயே காலமாயிட்டார். ஒப்பந்தம் கையெழுத்தானப்ப ராஜா ஸ்ரீமூலம் திருநாள்.

நம்ம பக்கமும் ஒரு கதை உண்டு. அணை வெள்ளத்தில் அடிச்சுட்டுப் போக, அரசாங்கம் கையை விரிக்க, பென்னிகுயிக் இங்கிலாந்து போய் சொத்தையும் பொண்டாட்டி நகையையும் வித்து வந்து கட்டினார்னு. இதை எங்க தாத்தா சொல்லும்போது அவர் கண்ணுல தண்ணி நிக்கும், நான் எதிர்த்துப் பேசினதே இல்லை. (அவர் இல்லாத தைரியத்தில் இப்ப எழுதறேன்.) எனக்கு அந்தக் கதை ஒட்டலை. அது சென்னை அரசாங்கத் திட்டம், அரசாங்கப் பணம். அவ்வளவு பெரிய வேலையை ஒரு ராணுவ இன்ஜினியர் வீட்டு நகையில் கட்ட முடியாது. அவருக்கு நகை விக்கிற பெருமை தேவையும் இல்லை. 1887லிருந்து 1895 வரைக்கும், யானையும் மலேரியாவும் இருந்த காட்டில், சுண்ணாம்பு, செங்கல்பொடி, கருங்கல்லை வச்சு, மழைக்காலத்தில் பாதி வேலை அடிச்சுட்டுப் போக மறுபடி மறுபடி ஆரம்பிச்சு கட்டினார். அது போதாதா?

அங்கே காய்ச்சலில் செத்தவங்க நூத்துக்கணக்கில். அணைக்குப் பக்கத்துக் கல்லறைத் தோட்டத்தில் வெள்ளைக்காரங்களுக்குப் பெயரோட கல் இருக்கு. நம்மூர்க் கூலிகளுக்கு அது கூட இல்லை.

1895 அக்டோபர் 10ஆம் தேதி சென்னை கவர்னர் வென்லாக் பிரபு திறந்து வச்சார். மலையைக் குடைஞ்ச சுரங்கம் வழியா, மேற்கே போக வேண்டிய தண்ணி கிழக்கே வந்தது. வைரவனாறு, சுருளியாறுன்னு இறங்கி வைகையில் சேர்ந்து, மதுரை, மேலூர் தாண்டி ராமநாதபுரம் பக்கம் வரைக்கும் போச்சு. அரபிக்கடலுக்குப் போக வேண்டிய தண்ணி வங்காள விரிகுடாப் பக்கம் திரும்பிடுச்சு!

பென்னிகுயிக் பத்தி ஒரு துணுக்கு. அவங்க அப்பாவும் பட்டாளத்துக்காரர்தான், பிரிகேடியர். 1849 ஜனவரி 13ல் சில்லியன்வாலாவில் சீக்கியர்களோட நடந்த சண்டையில் செத்தார். கூடவே பென்னிகுயிக்கின் அண்ணன், பதினேழு வயசுப் பையன், அவரும் செத்தார். அந்த இடம் இப்ப பாகிஸ்தானில் இருக்கு. நம்மாளுக்கு அப்ப சரியா எட்டு வயசு நிரம்பப் போகுது. பின்னாடி 1899ல் ஆஸ்திரேலியாவுக்குப் போய் பிரிஸ்பேன் ஆத்து வெள்ளத்தைத் தடுக்க யோசனை எழுதிக் கொடுத்தார். பஞ்சாப், தேக்கடி, பிரிஸ்பேன். ஒரு குடும்பத்தைப் பிடிச்சுக்கிட்டே போனா பாதி சாம்ராஜ்யத்தைச் சுத்திடலாம்.

*

நீண்ட காலக் குத்தகைங்கறது அந்தக் காலத்து வல்லரசுகளோட பிடித்தமான ஆயுதம். நாட்டைப் பிடிச்சா கெட்ட பேர், சண்டை, செலவு. குத்தகைன்னா காகிதத்தில் எல்லாம் சட்டப்படி. அந்தக் காகிதமெல்லாம் என்னாச்சுன்னு பார்த்தா தலை சுத்துது.

சூயஸ் கால்வாய். 1869ல் திறந்து 99 வருஷத்துக்கு உரிமை. 1968 வரைக்கும் செல்லும். 1956 ஜூலை 26ல் நாசர் தேசியமயம்னு அறிவிச்சார். பன்னிரண்டு வருஷம் பாக்கி இருக்கும்போதே காகிதம் காலி. பிரிட்டனும் பிரான்சும் இஸ்ரேலும் படையோட வந்தாங்க, அமெரிக்காவும் ரஷ்யாவும் முறைச்சதும் திரும்பிப் போனாங்க.

பனாமா இன்னும் மோசம். 1903ல் கால்வாய்ப் பகுதியை அமெரிக்காவுக்கு நிரந்தரமா எழுதிக் கொடுத்தாங்க. பனாமா சார்பில் கையெழுத்துப் போட்டவர் ஒரு பிரெஞ்சுக்காரர்! "நிரந்தரம்" 96 வருஷம் ஓடுச்சு. 1999 டிசம்பர் 31ல் கால்வாய் பனாமா கைக்கு வந்தது.

ஹாங்காங் கதை தெரிஞ்சதுதான். 1898ல் புதிய பிரதேசங்களை 99 வருஷத்துக்குச் சீனாவிடமிருந்து எடுத்தாங்க, வாடகை ஒரு பைசா இல்லை. ஹாங்காங் தீவும் கௌலூனும் ஏற்கனவே நிரந்தரமா எழுதி வாங்கினது, அதைத் திருப்பித் தரணும்னு காகிதத்தில் இல்லை. ஆனா குத்தகை நிலத்தைத் திருப்பிக் கொடுத்துட்டு மீதியை மட்டும் வச்சுக்கிட்டு வாழ முடியாது. 1965லிருந்து குடிதண்ணியே சீனாவின் டோங்ஜியாங் ஆத்திலிருந்து வந்துக்கிட்டிருந்தது. 1997ல் மொத்தமும் போச்சு. தண்ணி யார் கையில் இருக்கோ அவன்தான் வீட்டுக்காரன்.

குவாண்டனாமோ இருக்கிறதிலேயே வேடிக்கை. கியூபாவில் அமெரிக்கத் தளம். 1903ல் வருஷம் 2000 டாலர், 1934க்குப் பிறகு 4085 டாலர். ரெண்டு பேரும் சம்மதிச்சாதான் முடியும்னு ஷரத்து. அமெரிக்கா வருஷா வருஷம் செக் அனுப்பும், காஸ்ட்ரோ 1959ல் ஒரு தடவை மாத்தினதோட சரி, அப்புறம் தொடவே இல்லை.

நம்ம 999க்கு அசல் உறவுக்காரன் கென்யாவில் இருக்கான். 1915ல் வெள்ளைக்காரக் குடியேறிகளுக்கு மலைநிலத்தை 99ங்கறதை மாத்தி 999 வருஷத்துக்குக் கொடுக்கலாம்னு சட்டம் போட்டாங்க. அந்த நிலத்துக்காகத்தான் பின்னாடி மாவ் மாவ் கிளர்ச்சி. சுதந்திரம் வாங்கியும் ரொம்ப நாள் அந்த 999 தொடர்ந்தது. 2010ல் புது அரசியல் சட்டம் எழுதி, குடிமக்கள் இல்லாதவங்களுக்கு 99க்கு மேல கிடையாதுன்னு வெட்டினாங்க.

இத்தனை காகிதம் கிழிஞ்சிருக்கு. எங்க காகிதம் மட்டும் எப்படிக் கிழியலை? எழுதிக் கொடுத்த திருவிதாங்கூர் ராஜ்யம் இன்னிக்கு இல்லை. எழுதி வாங்கின சாம்ராஜ்யமும் இல்லை. எங்க தொழிலில் இப்படி ஒண்ணு உண்டு. எழுதினவன் எப்பவோ வேலையை விட்டுப் போயிருப்பான், கம்பெனியே கைமாறியிருக்கும், ஆனா அவன் எழுதின கோட் மட்டும் சர்வரில் ஓடிக்கிட்டே இருக்கும். தொட பயம் :-)

அந்தக் காகிதத்தை முதல்ல சோதிச்சது யார் தெரியுமா? சர் சி.பி. ராமசாமி ஐயர். வந்தவாசியில் பிறந்த தமிழர். சென்னை அரசாங்கத்தில் சட்ட உறுப்பினரா இருந்தவர், பின்னாடி திருவிதாங்கூர் திவானா ஆனார். சென்னைக்காரங்க பெரியாறு தண்ணியில் மின்சாரம் எடுக்கணும்னு கிளம்பினப்ப, பாசனத்துக்குன்னுதானே கொடுத்தோம், கரண்டுக்குக் கொடுக்கலையேன்னு மடக்கினார். ஒப்பந்தத்தில் இருந்த நடுவர் ஷரத்துப்படி வழக்கு போச்சு. 1941ல் நளினி ரஞ்சன் சட்டர்ஜின்னு கல்கத்தாக்காரர் தீர்ப்பு சொன்னார். திருவிதாங்கூர் ஜெயிச்சது. திருவிதாங்கூருக்காக ஒரு தமிழர் சென்னையை மண்ணைக் கவ்வ வச்சார். இதை நம்ம பக்கம் யாரும் மேடையில் பேச மாட்டாங்க.

அப்புறம் 1950களில் ரெண்டு மாநிலமும் பேசி, லோயர் கேம்பில் மின்நிலையம் வந்தது. 1970 மே 29ல் அதை முறைப்படி எழுதினாங்க. ஏக்கருக்கு 5 ரூபாயா இருந்த குத்தகை 30 ரூபாய் ஆச்சு, மின்சாரத்துக்குத் தனியா காசு, மீன் பிடிக்கிற உரிமை கேரளாவுக்கு. அப்ப அங்கே அச்சுத மேனன், இங்கே கருணாநிதி. ஆக, இது வெள்ளைக்காரன் திணிச்ச காகிதம் மட்டும்தான்னு கேரளா சொல்ல முடியாது. சுதந்திரத்துக்கப்புறம் அவங்களே ஒரு தடவை கையெழுத்து போட்டிருக்காங்க.

இப்ப 1956. நாசர் சூயஸை எடுத்த அதே வருஷம், நவம்பர் 1, மொழிவாரி மாநிலங்கள். திருவிதாங்கூர் தமிழர்கள் வருஷக்கணக்கில் போராடியிருந்தாங்க. 1954 ஆகஸ்டில் தென் திருவிதாங்கூரில் துப்பாக்கிச் சூடு, உயிர் பலி. கடைசியில் தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு நாலும் சென்னை மாநிலத்துக்கு வந்து கன்னியாகுமரி மாவட்டம் ஆச்சு. செங்கோட்டையில் ஒரு பகுதி வந்தது. தேவிகுளமும் பீர்மேடும் வரலை. முல்லைப்பெரியாறு அணை பீர்மேடு தாலுகாவில்தான் இருக்கு.

ஏன் வரலை? காமராஜர் அந்த ரெண்டு ஊர்ப் பேரையும் வச்சு ஏதோ கிண்டலா சொல்லி விட்டுக்கொடுத்துட்டார்னு ஒரு கதை டீக்கடையில் இன்னும் ஓடுது. ஒரு வாக்கியத்தில் எல்லை போட்டுட முடியாது. மாநில மறுசீரமைப்பு கமிஷன் சொன்ன காரணத்தைப் பாருங்க. அங்கே தமிழ் பேசறவங்க நிறைய இருக்காங்கதான், ஆனா அவங்க தோட்ட வேலைக்கு வந்து போற ஆளுங்க, அந்த எண்ணிக்கையை வச்சு முடிவு பண்ண முடியாதுன்னாங்க. தேயிலையும் ஏலக்காயும் கேரளாவுக்கு வேணும்ங்கற கணக்கும் அதில் இருந்தது.

வந்து போற ஆளுங்க. இந்த வார்த்தையை ஞாபகம் வச்சுக்கங்க.

*

காகிதம் ஏன் கிழியலைங்கற கேள்விக்கு பதில் இங்கேதான். நாசருக்கும் லண்டனுக்கும் நடுவில் தீர்ப்பு சொல்ல யாரும் இல்லை, அதனால் கப்பலும் பீரங்கியும் வந்தது. நம்ம ஊரில் குத்தகை கொடுத்தவரும் எடுத்தவரும் ஒரே நாட்டுக்குள்ள ரெண்டு மாநிலமா ஆயிட்டாங்க. 1956 சட்டத்தின் 108ஆம் பிரிவு, பாசனம், மின்சாரம் பற்றின பழைய ஒப்பந்தங்கள் தொடரும்னு சொல்லுது. ராஜாக்கள் காலத்து உடன்படிக்கை எல்லாம் கோர்ட்டுக்கு வரக்கூடாதுன்னு அரசியல் சட்டத்தின் 363ஆம் ஷரத்தைக் கேரளா காட்டினப்போ, இது அரசியல் உடன்படிக்கை இல்லை, சாதாரண குத்தகைன்னு உச்சநீதிமன்றம் 2006ல் சொல்லிடுச்சு.

நடுவில் நடந்ததைச் சுருக்கமா சொல்லிடறேன், எல்லாம் பேப்பரில் வந்ததுதான். 1979 ஆகஸ்டில் குஜராத்தில் மோர்வி அணை உடைஞ்சு ஆயிரக்கணக்கில் ஜனம் செத்தது. அந்த பயத்தில் முல்லைப்பெரியாறு நீர்மட்டத்தை 136 அடிக்குக் குறைச்சாங்க. மேலே கான்கிரீட் தொப்பி, அணைக்குள்ளே எஃகு வடம், பின்னாடி கான்கிரீட் முட்டுன்னு பலப்படுத்தினாங்க. 2006ல் 142 வரை தேக்கலாம்னு தீர்ப்பு. உடனே கேரளா 136க்கு மேல முடியாதுன்னு சட்டம் போட்டது. 2014 மே 7ல் அந்தச் சட்டம் செல்லாதுன்னு ஐந்து நீதிபதிகள் சொன்னாங்க. அந்த வருஷம் நவம்பரில் தண்ணி 142 அடியைத் தொட்டது. கம்பத்தில் வெடி வெடிச்சாங்க.

எனக்கு 2011 டிசம்பர் நல்லா ஞாபகம் இருக்கு. பள்ளிக்கூடத்தில் இருந்தேன். இடுக்கிப் பக்கம் சின்னச் சின்ன நிலநடுக்கம், கேரளா டிவியில் நாள் பூரா அணை உடையற மாதிரியே பேச்சு, இந்தப்பக்கம் கொந்தளிப்பு. குமுளிக்கு பஸ் நின்னது. கூடலூரிலிருந்தும் கம்பத்திலிருந்தும் ஜனம் ஆயிரக்கணக்கில் எல்லையைப் பார்த்து நடந்தது. ஏலத்தோட்டத்துக்கு தினமும் ஜீப்பில் போற பொம்பளைங்க வேலை இல்லாம வீட்டில் உட்கார்ந்தாங்க. எங்க வகுப்பில் நாங்களும் கோஷம் போட்டோம். பசங்களுக்கு லீவு கிடைச்ச சந்தோஷம் வேற. மலையாளின்னா எதிரிங்கறது அன்னிக்கு எனக்கு ரெண்டும் ரெண்டும் நாலு மாதிரி.

இதையெல்லாம் நான் போன வருஷம் வரைக்கும் ரொம்பத் தெளிவா, கை ஆட்டிப் பேசுவேன். 108ஆம் பிரிவு, 1970 ஒப்பந்தம், நிபுணர் குழு அறிக்கைன்னு எல்லாத்தையும் நுனி நாக்கில் வச்சிருப்பேன். அலுவலகத்தில் ஒரு நாள் மத்தியான சாப்பாட்டு நேரத்தில் இதே பேச்சு. எதிரே உட்கார்ந்திருந்தவன் எங்க டீமுக்குப் புதுசா வந்தவன். இடுக்கி மாவட்டம்னு தெரியும். சரி, மலையாளி ஒருத்தன் மாட்டினான்னு கொஞ்சம் ஜாஸ்தியாவே பேசினேன்.

அவன் சாம்பாரைப் பிசைஞ்சுக்கிட்டே கேட்டான். "மாப்ள, நான் வண்டிப்பெரியாறு. எங்க ஆச்சி உத்தமபாளையத்துல இருந்து கொழுந்து பறிக்கப் போனது. எங்க லயத்துல அத்தனை பேரும் தமிழ்தான். நீ யாரை எதிர்த்துப் பேசிக்கிட்டிருக்க?"

எனக்குச் சோறு இறங்கலை.

வரைபடத்தை எடுத்துப் பாருங்க. அணைக்குக் கீழே முதல்ல வர்றது வல்லக்கடவு. அடுத்தது வண்டிப்பெரியாறு. அப்புறம் சப்பாத்து, உப்புத்தறை. அதுக்கப்புறம்தான் இடுக்கி அணை. முல்லைப்பெரியாறுக்கு ஏதாவது ஆனாலும் தண்ணியை இடுக்கி தாங்கிக்கும், கொச்சி வரைக்கும் போகாதுன்னு நம்ம பக்கம் ஒரு வாதம் உண்டு. நானே பலமுறை சொல்லியிருக்கேன். இடுக்கி தாங்கலாம். ஆனா இடுக்கிக்கு முன்னாடியே ஆத்தோரத்தில் வீடு இருக்கறவங்களுக்கு அந்த வாதத்தில் என்ன இருக்கு? அங்கே லயங்களில் இருக்கறவங்க நிறைய பேர் நம்ம பள்ளத்தாக்கிலிருந்து மலையேறினவங்களோட பேரப்பிள்ளைங்க. 1955ல் வந்து போற ஆளுங்கன்னு எழுதினாங்களே, அவங்க வந்தாங்க, போகலை.

அணை பத்தி என் கருத்து மாறிடுச்சான்னு கேட்டா, இல்லை. அணை பலமா இருக்குன்னு நிபுணர் குழு 2012ல் சொன்னதை நம்பறேன். தண்ணி எங்களுக்கு வேணும். சின்னமனூர்ப் பக்கம் எங்க மாமா வயலில் இருபோகம் விளையறது அந்தத் தண்ணியில்தான், ஜூன் முதல் தேதி மதகு திறந்தாதான் நாத்து விடுவாங்க. தேனியில் புது பஸ் ஸ்டாண்டுக்கே பென்னிகுயிக் பேர்தான். பாலார்பட்டியில் அவர் பிறந்த ஜனவரி 15க்கு அவர் படத்தை வச்சுப் பொங்கல் வைப்பாங்க, நானும் போயிருக்கேன், இந்தத் தடவையும் போவேன். மாறினது ஒண்ணுதான். 999 வருஷத்துக் காகிதத்தைக் காட்டி அவனை வாயை மூடுன்னு சொல்ல எனக்கு நாக்கு எழலை. அந்தக் காகிதம் தண்ணிக்கு உரிமை கொடுக்குது. ராத்திரி மழை சத்தம் கேட்டு எழுந்து உட்கார்றவங்களுக்கு அதில் ஒரு வரியும் இல்லை.

எங்க வீட்டில் காலையில் அப்பா பேப்பரைப் பிரிச்சதும் முதல்ல பார்க்கறது அணை நிலவரம். முல்லைப்பெரியாறு இத்தனை அடி, வரத்து இத்தனை, வெளியேற்றம் இத்தனை. 130 தாண்டினா அவருக்கு ரெண்டாவது காபி வேணும், அவ்வளவு சந்தோஷம். வண்டிப்பெரியாற்றில் அவன் அம்மாவும் அதே எண்ணைத்தான் பார்க்கறாங்க, மலையாளச் சேனலில் கீழே ஓடுமே, அதில். 136 ஆச்சுன்னா ரேஷன் கார்டு, ஆதார் எல்லாத்தையும் ஒரு மஞ்சப்பையில் எடுத்து வாசல் பக்கம் மாட்டி வச்சிடுவாங்களாம்.

போன ஐப்பசி மழையில் ஊருக்கு வந்திருந்தேன். ராத்திரி பதினோரு மணிக்கு அவன்கிட்ட இருந்து போன்.

"மாப்ள, ஊர்லயா இருக்க? அங்க மழை எப்படி?"

"இங்க தூறல்தான். மேலதான் கருப்பா இருக்கு."

"எவ்வளவு நிக்குதுன்னு யாரையாவது கேட்டுச் சொல்றியா? அம்மா தூங்க மாட்டேங்குது."

லோயர் கேம்பில் தெரிஞ்ச அண்ணன் ஒருத்தருக்குப் போன் போட்டுக் கேட்டேன். 138. அப்பா தூங்கலை போல, உள்ளேயிருந்து எவ்வளவுடான்னு குரல் கொடுத்தார். சொன்னேன். "நல்லது"ன்னார். திரும்ப அவனுக்குப் போன் போட்டு அதே எண்ணைச் சொன்னேன்.

"சரி மாப்ள"ன்னு வச்சுட்டான்.